உங்களுக்குத் தெரியுமா? உப்பளம் முதல் உவர் வயல் வரை

பிளஸ் ஒன் வேதியியலில் 'தொகைசார் பண்புகள்' என்றொரு பகுதி உண்டு. நீரில் கரைந்திருப்பது என்ன பொருள் என்பதைவிட, எத்தனை துகள்கள் என்பதே முக்கியம். ஆவி அழுத்தம், கொதிநிலை, உறைநிலை, சவ்வூடு பரவல் அழுத்தம் நான்கும் அதைப் பொறுத்தே மாறும். காவிரி டெல்டாவில் இந்தப் பாடத்துக்கு உதாரணங்கள் ஏராளம்.

● 1930 ஏப்ரலில் ராஜாஜி தலைமையில் திருச்சியிலிருந்து நடந்த தொண்டர்கள் உப்பெடுத்த ஊர் வேதாரண்யம். அங்குள்ள பாத்திகளில் உப்புநீர் முற்ற முற்ற, ஆவியாகும் வேகம் குறைந்துகொண்டே வரும். முற்றிய உப்புநீரின் ஆவி அழுத்தம், நல்ல தண்ணீரினுடையதில் முக்கால் பங்குதான். காற்றின் ஈரப்பதம் 75 சதவீதத்தைத் தாண்டினால் உப்பு காயாது. காற்றிலிருந்தே ஈரத்தை இழுக்கும். ஐப்பசி மழையில் ஜாடி உப்பு நீர்த்துப்போவது இதனால்தான். கல் உப்பில் கலந்திருக்கும் மெக்னீசியம் குளோரைடு இன்னும் சீக்கிரம் ஈரம் பிடிக்கும்.

● உலையில் உப்புப் போட்டால் சோறு சீக்கிரம் வேகும் என்பார்கள். ஒரு லிட்டர் தண்ணீருக்கு 10 கிராம் உப்புப் போட்டாலும் கொதிநிலை 0.2 டிகிரிகூட உயராது. ஒரு டிகிரி உயர வேண்டுமானால் 57 கிராம் போட வேண்டும். அந்தச் சோற்றை வாயில் வைக்க முடியாது!

● அதிரசத்துக்கு வெல்லப்பாகு காய்ச்சும்போது, நீர் வற்ற வற்றக் கொதிநிலை ஏறும். ஒரு சொட்டைத் தண்ணீரில் விட்டு உருட்டினால் மெத்தென்று திரண்டு வரும் பதத்தில், பாகின் சூடு 112 டிகிரி செல்சியஸைத் தாண்டியிருக்கும். தெர்மாமீட்டர் இல்லாமலே விரல் நுனியில் கொதிநிலை ஏற்றத்தை அளந்துவிடுகிறார்கள் நம் வீட்டுப் பெண்கள்.

● கரைசலில் 342 கிராம் சர்க்கரை செய்யும் வேலையை ஏறக்குறைய 29 கிராம் உப்பு செய்துவிடும். சர்க்கரை மூலக்கூறு கனமானது. உப்போ கரையும்போது இரண்டு அயனிகளாகப் பிரியும். இந்தக் கணக்கைத் தெளிவாக்கிய வான்ட் ஹாஃப்தான் 1901இல் வேதியியலுக்கான முதல் நோபல் பரிசைப் பெற்றவர்.

● டி.ஏ.பி. கரைந்தால் மூன்று அயனிகள். இலைவழி உரமாக 2 சதவீத டி.ஏ.பி.யும் 1 சதவீத யூரியாவும் கலந்து தெளிக்கச் சொல்வது வழக்கம். 'கொஞ்சம் கூடப் போட்டால் நல்லது' என்று கரைசலைக் கெட்டியாக்கினால், அது இலையிலிருந்து நீரை வெளியே இழுத்துவிடும், நுனி கருகும்.

● விதைநெல் தேர்வுக்கு, கோழிமுட்டை மிதந்து மேல்பக்கம் பழைய நாலணா அளவு தெரியும்வரை தண்ணீரில் உப்பைக் கரைப்பார்கள். பதர் மிதக்கும், திரண்ட மணி அடியில் தங்கும். அதுவரை அடர்த்தியின் வேலை. பிறகு விதையை நல்ல தண்ணீரில் இரண்டு மூன்று முறை அலச வேண்டும். உப்பு ஒட்டியிருந்தால் விதையால் நீரை உறிஞ்ச முடியாது, முளைப்பு கெடும்.

● தண்ணீர் நிற்கும் வயலிலும் பயிர் தாகத்தால் வாடும். மண்நீரில் உப்பு மிகுந்தால் வேரால் நீரை இழுக்க முடியாது. மண்ணின் மின் கடத்தும் திறன் மீட்டருக்கு 3 டெசிசீமன்ஸைத் தாண்டினால் நெல் விளைச்சல் சரியத் தொடங்கும்; அதற்குமேல் ஒவ்வோர் அலகுக்கும் சுமார் 12 சதவீதம் குறையும். 2004 டிசம்பர் 26 சுனாமியில் நாகை கடலோர வயல்களில் கடல்நீர் புகுந்தபோது நேர்ந்தது இதுவே. களர்பாலை, குழியடிச்சான் போன்ற பாரம்பரிய ரகங்களும், திருச்சி 1, திருச்சி 3 ரகங்களும் இத்தகைய நிலங்களில் ஓரளவு தாக்குப்பிடிக்கும்.

● ஜிப்சம், சோடியம் மிகுந்த களர் நிலத்துக்கு மருந்து. கரையும் உப்பு மிகுந்த உவர் நிலத்தை அது மட்டும் திருத்தாது. உவர் நிலத்தில் துகள் எண்ணிக்கையைக் குறைக்க ஒரே வழி, நல்ல தண்ணீரைத் தேக்கி உப்பைக் கரைத்து வடித்துவிடுவதுதான். எனவே கடைமடைக்குக் காவிரி நீர் வந்து சேர்வது பாதி வேலை. வடிகால்களைத் தூர்வாரி வைப்பது மீதிப் பாதி. ஒன்றைச் செய்து மற்றதை விட்டால் நிலம் தேறாது.