தேயிலை மலையும் வெள்ளித்திரையும்

பதுளை, பசறை, லுணுகலைத் தோட்டங்களில் மாசி மாதத்தில் காமன் கூத்து நடைபெறும். அதில் ரதிதேவியாக வேடம் புனைந்து ஆடுவோர் மரபுப்படி ஆண்களே. பெண்கள் சுற்றி நின்று காண்பர். பகலெல்லாம் கொழுந்து பறிக்கும் பெண்ணுக்குக் கலையார்வம் இல்லை என்பது இதன் பொருளன்று. அவளுக்கு அரங்கம் இல்லை என்பதே பொருள். அரங்கம் வாய்த்தால் யாது நிகழும் என்பதற்கு ருக்மணிதேவியின் வாழ்வு சான்றாகும்.

ஊவாவை அடுத்த நுவரெலியா மாவட்டத்தில், தேயிலை விளையும் இறம்பொடையில், 1923 ஜனவரி 15ஆம் நாள் அவர் பிறந்தார். இயற்பெயர் டெய்சி ராசம்மா டானியல்ஸ். கொழும்புச் செட்டிக் குடும்பத்தவர். தலைநகரில் வளர்ந்தமையால் நாடக மேடை அவருக்கு எட்டியது. 1930களின் இறுதியிலேயே அவரது குரல் இசைத்தட்டுகளில் ஒலித்தது. பின்னர் மினர்வா நாடகக் குழுவில் நடித்துப் புகழ் பெற்றார்.

அக்குழுவின் 'கடவுனு பொரொந்துவ' நாடகம், தமிழரான எஸ். எம். நாயகம் அவர்களின் முயற்சியால் தென்னிந்தியாவிலே திரைப்படமாயிற்று. 1947 ஜனவரியில் வெளிவந்த இதுவே முதற் சிங்களப் பேசும்படம். அதன் கதாநாயகியும் பாடகியும் ருக்மணிதேவியே. 1978இல் வீதி விபத்தில் மறையும்வரை அவர் கலையை விட்டு விலகவில்லை.

அன்று பெரிய படப்பிடிப்பு நிலையம் இன்றேல் படம் இல்லை. இந்நிலையை மாற்றியவர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ். 1956இல் 'ரேகாவ' படத்திற்காக அவர் கமெராவைக் கிராமத்திற்கே கொண்டு சென்றார். அப்படம் 1957இல் கான் திரைப்பட விழாவில் போட்டியிட்டது. 1963இல் கிருஷ்ணகுமாரின் 'தோட்டக்காரி' மலையக வாழ்வைத் தமிழ்த் திரைக்குக் கொணர்ந்தது. பெருமுதலை நம்பாது சிறு குழுவினர் எடுக்கும் படத்தையே சுயாதீனத் திரைப்படம் என்கிறோம். அத்தகைய படத்திற்கு ஆடம்பர அரங்கம் வேண்டுவதில்லை. உண்மையான இடமும் உண்மையான முகமும் போதும்.

எனின், நடிகையாக வேண்டுபவள் மலையை விட்டு நீங்கியே தீரவேண்டும் என்னும் விதி இன்று இல்லை. வேண்டுவது முதற்படி ஒன்றே. தோட்டப் பாடசாலையின் கலைவிழாவில் ஒரு சிறுமி மேடையேற விரும்பினால், 'பெண்பிள்ளைக்கு இது எதற்கு?' என்று கேளாதிருத்தல் வேண்டும். ருக்மணிதேவியும் ஒரு நாள் சிறுமியாகவே மேடையில் முதலடி வைத்தார்.