10 வருஷம் வேலை பார்த்தா பணி நிரந்தரம் ஆகிடுமா? தற்காலிக ஊழியர் வழக்குகளில் கோர்ட் பார்ப்பது என்ன?

மத்திய நீர் ஆணையத்தில் துப்புரவு, தோட்டப் பராமரிப்பு வேலை பார்த்து வந்தவர்கள் அந்த 4 பேர். 1993 முதல் 1999 வரை வேறு வேறு நேரத்தில் தற்காலிகமாகச் சேர்ந்தவர்கள். பணி நிரந்தரம் கேட்டு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போனார்கள். 2018 ஏப்ரலில் மனு தள்ளுபடி ஆனது. அதே ஆண்டு அக்டோபரில், எந்த நோட்டீஸும் இல்லாமல் 4 பேரையும் வேலையை விட்டே அனுப்பிவிட்டார்கள். டெல்லி உயர் நீதிமன்றமும் கைவிரித்தது.

2024 டிசம்பர் 20-ம் தேதி உச்ச நீதிமன்றம் இதை அப்படியே மாற்றியது. 4 பேரையும் திரும்பச் சேர்த்து, உடனே நிரந்தரமாக்க உத்தரவிட்டது. ஒரே சட்டம்தான், ஒரே ஆவணங்கள்தான். அப்புறம் எப்படி தீர்ப்பு தலைகீழானது?

எல்லாரும் சொல்லும் 'உமாதேவி வழக்கு' என்ன?

கர்நாடக வணிகவரித் துறையின் தினக்கூலி ஊழியர்கள் நிரந்தரம் கேட்டுத் தொடர்ந்த வழக்கு இது. 2006 ஏப்ரல் 10-ல் 5 நீதிபதிகள் அமர்வு தீர்ப்பு சொன்னது. அரசு வேலை என்றால் அறிவிப்பு, போட்டி, இடஒதுக்கீடு எல்லாம் இருக்க வேண்டும்; பின்வாசல் வழியாக வந்தவரை வருஷக்கணக்கை மட்டும் வைத்து நிரந்தரமாக்கினால், வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்துவிட்டுக் காத்திருப்பவருக்கு யார் பதில் சொல்வது என்பதுதான் சாரம். நியாயமான கேள்விதான்.

ஆனால் அதே தீர்ப்பில் ஒரு விதிவிலக்கும் இருந்தது. அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில், தகுதியோடு, கோர்ட் ஸ்டே உதவி இல்லாமல் 10 ஆண்டுகளுக்கு மேல் வேலை பார்த்தவர்களை ஒரே ஒருமுறை நிரந்தரமாக்க நடவடிக்கை எடுங்கள் என்றது. நியமனத்தில் நடைமுறைக் குறை இருப்பது வேறு, நியமனமே சட்டவிரோதமாக இருப்பது வேறு என்றும் பிரித்துக் காட்டியது.

துறைகள் முதல் பாதியை மட்டும் கெட்டியாகப் பிடித்துக்கொண்டன. யார் வழக்கு போட்டாலும் 'உமாதேவி' என்று ஒரு பதில் மனு. வேலை மட்டும் வருஷம் முழுக்க நடக்கும், ஆள் மட்டும் 'தற்காலிகம்'!

இப்போ என்ன மாறியிருக்கு?

நீர் ஆணைய வழக்கில் உச்ச நீதிமன்றம் கண்டித்தது இதைத்தான். ஆர்டரில் 'பகுதிநேரம்' என்று எழுதியிருப்பதை மட்டும் பார்க்காமல், வேலையின் தன்மையைப் பார்த்தது. தினமும் தேவைப்படும் வேலை, அலுவலகம் இருக்கும்வரை இருக்கும் வேலை. அவர்களை அனுப்பிய பிறகு அதே வேலையை அவுட்சோர்சிங்கில் கொடுத்ததும் அரசுத் தரப்புக்கு எதிராகவே திரும்பியது. ஆனால் வேலையில் இல்லாத காலத்துக்குச் சம்பளம் கிடையாது. ஓய்வுக்காலப் பலன்களுக்கு மட்டும் அந்த வருஷங்கள் கணக்கில் வரும்.

அடுத்த மாதமே, 2025 ஜனவரி 31-ல், காசியாபாத் மாநகராட்சி தோட்டத் தொழிலாளர்களைத் திரும்பச் சேர்த்து, 50% பின் சம்பளம் கொடுக்கவும் உத்தரவிட்டது. உமாதேவி தீர்ப்பைக் கேடயமாக்க முடியாது என்றது. 2025 ஆகஸ்டில் உத்தரப் பிரதேச தினக்கூலி ஊழியர்கள் வழக்கிலும் இதே பாதைதான். கடைநிலை ஊழியர் முதுகில் அரசு பட்ஜெட்டைச் சமன் செய்யக் கூடாது என்பது அதன் கருத்து.

இதனால் உமாதேவி தீர்ப்பு ரத்தாகிவிடவில்லை. அது 5 நீதிபதிகள் தீர்ப்பு; பிந்தையவை 2 நீதிபதிகள் தீர்ப்புகள். இதைச் சொல்லாமல் 'இனி எல்லாருக்கும் நிரந்தரம்' என்று வரும் வாட்ஸ்அப் ஃபார்வர்டுகளை நம்ப வேண்டாம்.

அந்த 240 நாள் கணக்கு?

இதில்தான் பலரும் ஏமாறுகிறார்கள். 240 நாள் வேலை பார்த்தாலே நிரந்தரம் என்று தொழில் தகராறு சட்டம் சொல்லவில்லை. 1947-ம் ஆண்டு தொழில் தகராறு சட்டத்தில் இருந்து வந்த எண் அது. நோட்டீஸ், இழப்பீடு இல்லாமல் திடீரென ஆட்குறைப்பு செய்யக் கூடாது என்பதற்கான பாதுகாப்பு மட்டுமே.

தமிழ்நாட்டில் நிரந்தரத்துக்கான எண் 480. தொழிலாளர்களுக்கு நிரந்தரத் தகுதி வழங்கும் 1981-ம் ஆண்டு சட்டப்படி, ஒரு தொழில் நிறுவனத்தில் 24 மாதங்களில் 480 நாள் தொடர்ந்து வேலை பார்த்தவரை நிரந்தரமாக்க வேண்டும். கட்டுமானப் பணிகளுக்கு இது பொருந்தாது.

கான்ட்ராக்டர் மூலம் வந்தவர்கள் நிலை இன்னும் கஷ்டம். ஒப்பந்த முறையைத் தடை செய்தாலும் தொழிலாளர் தானாக நிரந்தரமாகிவிட மாட்டார் என்று 2001-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஒப்பந்தமே கண்துடைப்பு, உண்மையான முதலாளி நிறுவனம்தான் என்று நிரூபிக்க வேண்டும்.

நிரந்தரம் கிடைக்காவிட்டாலும் சம்பளம் கேட்கலாம். ஒரே வேலையைச் செய்யும் தற்காலிக ஊழியருக்கும் சம ஊதியம் உண்டு என்பது பஞ்சாப் ஊழியர்கள் வழக்கில் 2016-ல் வந்த தீர்ப்பு.

எந்த வழக்காக இருந்தாலும், இத்தனை நாள் வேலை பார்த்தேன் என்று முதலில் காட்ட வேண்டியவர் தொழிலாளிதான். வருகைப் பதிவேடு நிர்வாகத்தின் பீரோவில் இருக்கும். அதனால் அடையாள அட்டை, சம்பளம் ஏறிய பேங்க் ஸ்டேட்மென்ட், பி.எஃப். கணக்கு, டியூட்டி போட்ட உத்தரவு நகல் என்று கையில் இருப்பதை எல்லாம் வேலையில் இருக்கும்போதே எடுத்து வைத்துக்கொள்வது நல்லது. கேட்டை மூடிய பிறகு உள்ளே போய் எடுக்க முடியாது.