இரண்டாவது ஈட்டி

பிரேசிலின் மாத்தோ குரோசோ பகுதியில் வாழும் பொரோரோ மக்கள் தங்களைச் செந்நிறப் பஞ்சவர்ணக்கிளிகள் என்று சொல்லிக்கொள்வதாக, கார்ல் ஃபான் டென் ஷ்டைனென் என்ற ஜெர்மானிய ஆய்வாளர் 1894இல் எழுதினார். செத்த பிறகு கிளியாக மாறப்போவதைப் பற்றி மட்டும் அவர்கள் பேசவில்லையாம். இப்போதே, இந்த உடம்போடு, தாங்கள் கிளிகள் என்றார்களாம். பாரிஸில் தத்துவப் பேராசிரியராக இருந்த லூசியன் லெவி-ப்ரூல் இந்தச் செய்தியைப் பிடித்துக்கொண்டார். மனிதனாகவும் கிளியாகவும் ஒரே நேரத்தில் இருக்கலாம் என்று ஒரு சமூகமே நம்புகிறது என்றால், முரண்பாடு அவர்களை உறுத்தவில்லை என்றுதானே பொருள்? 1910இல் வெளிவந்த நூலில் அவர் அந்தச் சிந்தனைக்கு ஒரு பெயர் வைத்தார்: தர்க்கத்துக்கு முந்தையது.

இன்று இதைக் கேட்டால் கோபம் வரும். ஆனால் லெவி-ப்ரூல் அந்த மக்களை இழிவுபடுத்தப் புறப்பட்டவர் அல்லர். அவருக்கு முன்னால் எட்வர்ட் டைலரும் ஜேம்ஸ் ஃபிரேசரும் இருந்தார்கள். கனவையும் சாவையும் பார்த்துக் குழம்பிய ஆதி மனிதன், அவற்றை விளக்க ஆவி என்ற ஒன்றைக் கற்பித்துக்கொண்டான் என்று 1871இல் டைலர் எழுதினார். மந்திரம் என்பது தப்பாகப் போன அறிவியல் என்றார் ஃபிரேசர். இரண்டு பேருக்கும் பழங்குடி மனிதன் கணக்கில் கோட்டைவிட்ட மாணவன். அப்படியில்லை, அவர்கள் போடுவதே வேறு கணக்கு என்றார் லெவி-ப்ரூல். அந்த அளவில் அவர் சொன்னதில் மரியாதை இருந்தது.

மூவருக்கும் பொதுவான குறை ஒன்று உண்டு. யாருமே அந்த மக்களோடு தங்கி, அவர்கள் மொழியில் பேசி, ஆய்வு செய்ததில்லை. பாதிரியார்களும் அதிகாரிகளும் பயணிகளும் எழுதியனுப்பியதை நூலகத்தில் உட்கார்ந்து படித்தார்கள். பயணி எதை எழுதுவான்? காலையில் எழுந்து களை பறித்தவனைப் பற்றி எழுதமாட்டான். தன்னைக் கிளி என்று சொல்லிக்கொண்டவனைப் பற்றித்தான் எழுதுவான்.

பொரோரோ மக்களிடையே பின்னாளில் தங்கி ஆய்வு செய்த கிறிஸ்டபர் கிராக்கர், 1977இல் அந்தக் கிளிப் பேச்சை விளக்கினார். அங்கே கல்யாணமான ஆண் மனைவியின் வீட்டுக்குக் குடிபோகிறான். குலமும் தாய்வழியில் தொடர்கிறது. வீட்டில் பஞ்சவர்ணக்கிளிகளை வளர்ப்பவர்களும் பெண்கள். சடங்கில் அந்தக் கிளிகளின் இறகைச் சூடி ஆவிகளோடு உறவாடும் ஆண், வீடு திரும்பினால் பெண்கள் தீனி போட்டு வளர்க்கும் பறவையின் நிலையில் இருக்கிறான். தங்களைக் கிளி என்று சொல்பவர்கள் ஆண்கள் மட்டுமே. அந்தப் பேச்சில் பெருமையும் இருக்கிறது, தன் நிலையை நினைத்து ஒரு கசந்த சிரிப்பும் இருக்கிறது. தர்க்கம் தெரியாதவனுக்கு இப்படிப் பேச வராது.

நேரில் போய்ச் சோதித்துப் பார்ப்பது என்ற எண்ணம் லெவி-ப்ரூல் எழுதுவதற்கு முன்பே தொடங்கிவிட்டது. 1898இல் கேம்பிரிட்ஜிலிருந்து ஒரு குழு, ஆஸ்திரேலியாவுக்கும் நியூ கினிக்கும் இடையிலுள்ள டோரஸ் நீரிணைத் தீவுகளுக்குப் போனது. அதில் இருந்த மருத்துவர் டபிள்யூ. எச். ஆர். ரிவர்ஸ் தீவு மக்களின் பார்வையைச் சோதித்தார். 1901-02இல் நம் நீலகிரிக்கு வந்து தோடர்களிடமும் அதே வகைச் சோதனைகளைச் செய்தார். சம நீளமுள்ள இரண்டு கோடுகளில் ஒன்றுக்கு உள்நோக்கியும் மற்றொன்றுக்கு வெளிநோக்கியும் அம்பு முனை வரைந்தால், ஒரு கோடு நீளமாகத் தெரியும். இந்தத் தோற்ற மயக்கத்தில் தீவு மக்களும் தோடர்களும் ஆங்கிலேயரைவிடக் குறைவாகவே ஏமாந்தார்கள். செங்குத்துக் கோடு படுக்கைக் கோட்டைவிட நீளமாகத் தெரியும் மயக்கத்தில் நிலைமை தலைகீழ். 'எளிதில் ஏமாறும் மனம்' என்று ஒட்டுமொத்தமாக முத்திரை குத்த அந்த முடிவுகளில் இடமில்லை.

ஆனால் பழைய கருத்தை உண்மையாகவே அசைத்தது, ஆப்பிரிக்காவின் நடுப்பகுதியில் ஒரு தானியக் குதிர் சரிந்து விழுந்த கதை. ஆங்கிலேய மானுடவியலாளர் எவன்ஸ்-பிரிட்சார்ட் 1926 முதல் பல முறை, இன்றைய தெற்கு சூடானில் வாழும் அசாண்டே மக்களோடு தங்கினார். அங்கே எது கெட்டுப்போனாலும் சூனியம் என்பார்கள். பாத்திரம் உடைந்தால் சூனியம், நிலக்கடலை விளையாவிட்டால் சூனியம். குதிர்களை மரக்கால்கள் மேல் கட்டுவார்கள். உச்சி வெயிலில் அவற்றின் நிழலில் உட்கார்ந்து பேசுவார்கள். சில சமயம் குதிர் சரிந்து ஆட்கள் காயப்படுவார்கள். அதுவும் சூனியம்.

கறையான் காலை அரித்துவிட்டதால்தான் குதிர் விழுந்தது என்பது அவர்களுக்குத் தெரியாதா? நம்மைவிட நன்றாகத் தெரியும். வெயிலுக்கு ஒதுங்கித்தான் ஆட்கள் அங்கே உட்கார்ந்தார்கள் என்பதும் தெரியும். அவர்கள் கேட்டது அடுத்த கேள்வி: இத்தனை நாள் விழாத குதிர், இந்த ஆட்கள் அடியில் இருந்த அந்த நேரம் பார்த்து ஏன் விழுந்தது? கறையானுக்கும் நிழலுக்கும் தனித்தனிக் காரணம் உண்டு. இரண்டும் ஒரு நொடியில் சந்தித்ததை நாம் தற்செயல் என்று விட்டுவிடுகிறோம். அவர்கள் விடவில்லை. வேட்டையில் முதல் ஈட்டி எறிந்தவனும் இரண்டாவது ஈட்டி பாய்ச்சியவனும் இறைச்சியைப் பங்கிட்டுக்கொள்வார்கள். ஒருவனை யானை மிதித்துக் கொன்றால் யானை முதல் ஈட்டி, சூனியம் இரண்டாவது ஈட்டி என்பார்கள் அசாண்டே. ஒன்று இன்னொன்றை மறுப்பதில்லை.

சந்தேகம் வந்தால் குறி கேட்பார்கள். ஒரு கொடியிலிருந்து எடுத்த நஞ்சைக் கோழிக்குஞ்சுக்குக் கொடுத்து, கேள்வியைச் சொல்வார்கள். முதல் குஞ்சு செத்து விடை சொன்னால், மறுசோதனையில் இரண்டாவது குஞ்சு பிழைத்து அதையே உறுதி செய்யவேண்டும். விடைகள் முரண்பட்டால் நஞ்சு பழசாகிவிட்டது, யாரோ விலக்கை மீறிவிட்டார்கள் என்று காரணம் சொல்வார்கள். அடித்தளத்தை மட்டும் யாரும் தோண்டிப் பார்ப்பதில்லை. அவர்கள் நினைக்கிற சூனியக்காரர்கள் இருக்கவே முடியாது என்பதில் எவன்ஸ்-பிரிட்சார்டுக்குச் சந்தேகமில்லை. இருந்தும், அங்கே இருந்த காலத்தில் தன் வீட்டுக் காரியங்களைக் குறி கேட்டே நடத்தியதாகவும், அது ஒன்றும் மோசமான வழியாக இல்லை என்றும் எழுதினார். தொடக்கக் கருத்தை ஏற்றுக்கொண்டுவிட்டால், அதற்கு மேல் எழுப்பியதெல்லாம் கச்சிதமான தர்க்கம். 1937இல் வெளிவந்த அவருடைய நூல் இன்றும் மானுடவியல் மாணவர்களின் கையில் இருக்கிறது.

அதற்கு முன்பே, 1934இல், லெவி-ப்ரூலின் கோட்பாட்டை அலசி அவர் ஒரு கட்டுரை எழுதியிருந்தார். அது விமர்சனம்தான், ஆனாலும் நியாயமானது. லெவி-ப்ரூல் சினக்கவில்லை. வேற்றுமைகளைத் தெளிவாகக் காட்டவேண்டித்தான் அவற்றுக்கு அழுத்தம் கொடுத்ததாக, அந்த இளைஞருக்குப் பொறுமையாகக் கடிதம் எழுதினார். இந்த வரலாற்றிலேயே என்னை அதிகம் கவர்ந்த பகுதி இதுதான்.

எண்பது வயதைக் கடந்த பிறகும் அவர் தன்னோடு வாதாடுவதை நிறுத்தவில்லை. 1938லும் 1939 தொடக்கத்திலும் எழுதிய குறிப்பேடுகளில், தன்னைப் புகழ்பெறச் செய்த கருத்தையே ஒவ்வோர் இழையாகப் பிரித்துப் போட்டார். 1939இல் அவர் இறந்தார். 1949இல் குறிப்பேடுகள் நூலாயின. 'தர்க்கத்துக்கு முந்தைய மனம்' என்பதை அதில் அவரே கைவிட்டிருந்தார். உலகத்தோடு கலந்து கரைந்து உணரும் மனப்போக்கு என்பதை மட்டும் அவர் விடவில்லை. அது பழங்குடிச் சமூகங்களில் எளிதாகக் கண்ணில் படுகிறது, ஆனால் எல்லா மனித மனங்களிலும் இருக்கிறது என்று எழுதிவைத்தார்.