துளைப்பட்டைகளில் ஒரு பொறியியல் பாடம்

இங்கிலாந்தின் லிவர்பூல் நகரில் இறைச்சி இறக்குமதி நிறுவனமொன்றில் கணக்கெழுதிக்கொண்டிருந்தவர் ஃபிராங்க் ஹார்ன்பி. தன் பிள்ளைகளுக்காகத் தகரத்தை வெட்டிப் பாலமும் கிரேனும் செய்து கொடுப்பார். ஒவ்வொரு பொம்மைக்கும் புதிதாகத் தகரம் வெட்ட வேண்டியிருந்தது. எல்லாப் பட்டைகளிலும் சம இடைவெளியில் துளையிட்டுவிட்டால், பாலத்தைக் கழற்றி அதே பட்டைகளில் கிரேன் கட்டலாமே என்று அவருக்குத் தோன்றியது. 1901-இல் அதற்குக் காப்புரிமை பெற்றார். மெக்கானோ என்ற பெயர் 1907-இல் வந்தது.

பட்டையின் அகலம் அரை அங்குலம். அரை அங்குலத்துக்கு ஒரு துளை. இந்தக் கட்டுப்பாடுதான் மெக்கானோவின் உயிர் என்பேன். நினைத்த இடத்தில் துளையிட முடியாது. இருக்கிற துளைகளுக்குள் வழி தேட வேண்டும்.

நான்கு பட்டைகளை மூலைக்கொரு போல்ட் போட்டுச் செவ்வகமாக்கிப் பாருங்கள். லேசாகத் தள்ளினாலே சாய்ந்துவிடும். மூலைக்கு மூலை குறுக்கே இன்னொரு பட்டையை முடுக்கினால், அது இரண்டு முக்கோணங்களாகி அசையாது. முக்கோணத்தின் பக்க நீளங்கள் மாறாதவரை அதன் கோணங்களும் மாற முடியாது. ரயில் பாலங்களின் இரும்புச் சட்டங்கள் ஏன் முக்கோணம் முக்கோணமாக இருக்கின்றன என்பதை அந்த ஒரு தள்ளல் சொல்லிவிடும்.

பற்சக்கரங்களுக்கு வந்தால் விஷயம் இன்னும் சுவையானது. 19 பல் பினியன் என்ற சிறு சக்கரமும் 57 பல் சக்கரமும் கச்சிதமாகப் பொருந்த, அவற்றின் அச்சுகள் ஓர் அங்குலம் தள்ளி, அதாவது இரண்டு துளை தள்ளி, இருக்க வேண்டும். பல் எண்ணிக்கையும் அச்சுகளின் இடைவெளியும் ஒன்றையொன்று தீர்மானிக்கின்றன என்பது கைக்குப் புரிந்துவிடுகிறது. இந்த இணை வேகத்தை மூன்றில் ஒன்றாகக் குறைக்கும். இரண்டு இணைகளை அடுத்தடுத்து வைத்தால் ஒன்பதில் ஒன்று. தூக்கும் வலு ஒன்பது மடங்காக வேண்டும், ஆனால் ஆகாது. மீதியை உராய்வு தின்றுவிடுகிறது. அச்சு தாங்கும் இரு தகடுகளும் துளியளவு கோணலாக இருந்தால் அது இன்னும் அதிகம் தின்னும். போல்ட்களைச் சற்றுத் தளர்த்தி, அச்சைக் கையால் சுழற்றி, அது இலகுவாக ஓடும் நிலையில் முடுக்க வேண்டும். சொடுக்கினால் ஒட்டிக்கொள்ளும் பிளாஸ்டிக் துண்டுகள் இந்த வேலையை நமக்காகவே செய்துவிடுவதால், நட்டும் போல்ட்டும் உள்ள பெட்டியையே நான் சிபாரிசு செய்வேன்.

இதெல்லாம் குழந்தை விளையாட்டு என்று நினைப்பவர்கள் 1934-இல் மான்செஸ்டர் பல்கலைக்கழகத்தில் நடந்ததைக் கேட்க வேண்டும். அணுக்களில் எலெக்ட்ரான்கள் பரவியிருக்கும் விதத்தைக் கணக்கிட்டுக்கொண்டிருந்த டக்ளஸ் ஹார்ட்ரீக்கு, வகைக்கெழுச் சமன்பாடுகளைக் கையால் தீர்ப்பது பெரும்பாடாக இருந்தது. அமெரிக்காவில் வன்னேவர் புஷ் இதற்கென ஒரு பெரிய இயந்திரம் கட்டியிருந்தார். அதன் மாதிரியை மெக்கானோவில் கட்டிப் பார்க்கலாம் என்று ஹார்ட்ரீ முடிவெடுக்க, அவருடைய மாணவர் ஆர்தர் போர்ட்டர் பெரும்பாலும் மெக்கானோ பாகங்களைக் கொண்டே கட்டினார். செலவு சுமார் 20 பவுண்டு.

அதன் இதயம் எளிமையானது. கிடையாகச் சுழலும் ஒரு தட்டு. அதன் மேல் செங்குத்தாக நிற்கும் ஒரு சிறு சக்கரம். தட்டின் மையத்தில் நின்றால் சக்கரம் சுழலாது. ஓரத்துக்குப் போகப் போக வேகம் கூடும். மாறிக்கொண்டிருக்கும் ஓர் அளவுக்கேற்ப மையத்திலிருந்து சக்கரத்தின் தூரத்தை மாற்றிக்கொண்டே இருந்தால், அது மொத்தம் சுழன்ற அளவுதான் அந்த அளவின் தொகையீடு. பள்ளியில் வளைகோட்டின் கீழ்ப் பரப்பாகப் படித்த அதே தொகையீடு, இங்கே ஓர் அச்சின் சுழற்சியாகக் கண்முன் நிற்கிறது!

சிக்கல் ஒன்று இருந்தது. வெறும் உராய்வில் உருளும் சக்கரத்துக்கு அடுத்த அச்சுகளை இழுக்கும் வலு கிடையாது. அதிகம் இழுத்தால் வழுக்கும். வழுக்கினால் விடை தவறும். மோட்டார் சுழற்றும் உருளைகளில் நூலைச் சுற்றி இதைத் தீர்த்தார்கள். நூலின் ஒரு நுனியைச் சக்கரம் மெல்ல இழுத்தால், நூல் உருளையை இறுக்கிப் பிடிக்கும். மறுநுனியில் மோட்டாரின் வலு வரும். துறைமுகத்தில் சுழலும் உருளையில் வடத்தைச் சுற்றிக் கப்பலை இழுப்பதும் இதே தத்துவத்தில்தான்.

விடைகளில் பிழை சுமார் 2 சதவீதம். அணு ஆராய்ச்சிக்கான கணக்குகளுக்கே அது பயன்பட்டது. அந்த மாதிரி வேலை செய்ததைக் கண்ட பிறகு, முழு அளவு இயந்திரத்துக்குப் பணம் கிடைத்தது. மெட்ரோபாலிட்டன்-விக்கர்ஸ் நிறுவனம் அதை 1935-இல் கட்டிக்கொடுத்தது. கேம்பிரிட்ஜிலும் ஒரு மெக்கானோ இயந்திரம் எழுந்தது. அது பின்னர் கடல் கடந்து நியூசிலாந்து போய், இப்போது ஆக்லாந்து அருங்காட்சியகமொன்றில் இருக்கிறது.