“குழந்தை நலமா?” என்று கேட்காத காப்புறுதி

சென்ற ஆண்டு இறுதியில் என் அக்காவுக்கு ஆண் குழந்தை பிறந்தது. இரண்டாம் நாள் பரிசோதித்த மருத்துவர், இதயத் துடிப்புடன் வேறோர் ஒலியும் கேட்பதாகச் சொன்னார். ஸ்கேன் எடுத்துப் பார்த்தபோது, இதயத்தின் கீழறைகளுக்கு இடையிலான சுவரில் சிறு துளை இருப்பது தெரிந்தது. இத்தகைய துளைகள் பலவும் தாமாகவே மூடிக்கொள்ளும், சில குழந்தைகளுக்கு மட்டுமே அறுவை சிகிச்சை தேவைப்படும் என்று அவர் விளக்கினார்.

பலதுறைத் தொழிற்கல்லூரியில் கணக்கியல் படிக்கும் என்னிடம் அம்மா கேட்டார்: “பிறக்கும்போதே வந்த குறைக்குக் காப்புறுதி கிடைக்குமாம்மா?”

அந்தக் கேள்விக்கு விடை தேடியபோது நான் தெரிந்துகொண்டவை இவை.

சிங்கப்பூர்க் குடிமகனாகப் பிறக்கும் குழந்தைக்கு மெடிஷீல்டு லைஃப் திட்டத்தில் சேர எந்த விண்ணப்பமும் தேவையில்லை. பிறப்பைப் பதிவு செய்தால் போதும். 42 நாள்களுக்குள் அதைச் செய்ய வேண்டும். லைஃப்எஸ்ஜி செயலி வழியாக அத்தான் வீட்டிலிருந்தே பதிவு செய்தார். அதன் பிறகு குழந்தையின் பெயரில் மெடிசேவ் கணக்கு தானாகத் தொடங்கப்பட்டு, அரசாங்கம் வழங்கும் 4,000 வெள்ளி மானியமும் அதில் சேரும். காப்புறுதிச் சந்தாவை அந்தப் பணத்திலிருந்தே கட்டலாம்.

2025 ஏப்ரல் முதல், 20 வயது வரையிலானோருக்கு ஆண்டுச் சந்தா 200 வெள்ளி. அரசாங்க மானியங்களைக் கழிப்பதற்கு முந்தைய தொகை இது.

பிறவிக் குறைகளுக்கும் இத்திட்டத்தில் பாதுகாப்பு உண்டு. ஆனால் எப்போதும் அப்படி இருக்கவில்லை. 1990ல் தொடங்கிய பழைய மெடிஷீல்டு, பிறவிக் குறைகளை விலக்கியே வைத்திருந்தது. 2013ல்தான் அவை சேர்க்கப்பட்டன. 2015 நவம்பர் 1ஆம் தேதி அதற்குப் பதிலாக வந்த மெடிஷீல்டு லைஃப், ஏற்கெனவே நோய் உள்ளவர்கள் உட்பட எல்லாக் குடிமக்களையும் நிரந்தரவாசிகளையும் வாழ்நாள் முழுவதும் உள்ளடக்கியது. அக்கா மகன் 2010ல் பிறந்திருந்தால் அம்மாவுக்கு நான் சொல்லும் பதில் வேறாக இருந்திருக்கும்.

அக்கா கூடுதல் பாதுகாப்புக்காகத் தனியார் நிறுவனம் ஒன்றின் ஒருங்கிணைந்த காப்புறுதித் திட்டத்துக்கும் விண்ணப்பித்தார். குழந்தையின் உடல்நிலை பற்றிப் பல கேள்விகள் வந்தன. உண்மையைச் சொன்னோம். இதயம் தொடர்பான சிகிச்சைக்குக் கூடுதல் பாதுகாப்பு தர இயலாது என்று பதில் வந்தது. அக்காவின் முகம் வாடிவிட்டது. ஆனாலும் அந்த விலக்கு தனியார் பகுதிக்கு மட்டுமே. அதன் அடித்தளமான மெடிஷீல்டு லைஃப் பகுதியை யாராலும் விலக்க முடியாது.

தனியார் நிறுவனம் கேட்கும் கேள்வியைப் பொதுத் திட்டம் ஏன் கேட்பதில்லை? என் பாடப்புத்தகத்தில் படித்த விஷயம் இங்கே கண்முன் வந்தது. விரும்பியவர் மட்டும் சேரலாம் என்றால், பலர் நோய் வந்த பிறகே சேர நினைப்பார்கள். செலவு ஏறும், சந்தா ஏறும், நலமாக இருப்பவர்கள் விலகிவிடுவார்கள். அதனால்தான் தனியார் நிறுவனங்கள் முன்கூட்டியே கேட்டுக்கொள்கின்றன. மெடிஷீல்டு லைஃபிலிருந்து யாரும் விலக முடியாது. எல்லாரும் சேர்ந்து கட்டுவதால்தான் யாரையும் வாசலில் நிறுத்திக் கேள்வி கேட்க வேண்டிய அவசியம் அதற்கு இல்லை.

அதற்காக எல்லாச் செலவையும் அது ஏற்கும் என்று நினைத்துவிடக் கூடாது. மருத்துவமனைக் கட்டணத்தில் முதலில் ஒரு தொகையை நாம் கட்ட வேண்டும். மீதியிலும் நமக்கு ஒரு பங்கு உண்டு. இரண்டுக்கும் மெடிசேவைப் பயன்படுத்தலாம். பொது மருத்துவமனைகளில் மானியம் பெறும் பி2, சி வகுப்பு வார்டுகளை மனத்தில் வைத்தே திட்டம் வகுக்கப்பட்டுள்ளது. ஏ வகுப்புக்கோ தனியார் மருத்துவமனைக்கோ போனால் கட்டணத்தின் சிறு பகுதிதான் கிடைக்கும்.

இன்னொரு விஷயத்தை என் வகுப்புத் தோழி வழியாக அறிந்தேன். அவளுடைய அண்ணன், அண்ணி இருவரும் நிரந்தரவாசிகள். அவர்களின் மகள் இங்கேதான் பிறந்தாள். ஆனால் பெற்றோர் நிரந்தரவாசிகள் என்பதால் குழந்தை தானாக நிரந்தரவாசி ஆகிவிடாது. தனியாக விண்ணப்பித்து ஒப்புதல் பெற வேண்டும். அதுவரை அவளுக்கு மெடிஷீல்டு லைஃப் இல்லை. குடிமக்களின் குழந்தைகளுக்கான 4,000 வெள்ளி மானியமும் இல்லை. நம் சமூகத்தில் இப்படிப்பட்ட குடும்பங்கள் பல உண்டு. உங்கள் உறவினர் யாராவது இந்நிலையில் குழந்தையை எதிர்பார்த்தால், இடைப்பட்ட காலத்துக்கு என்ன ஏற்பாடு என்று இப்போதே விசாரிக்கச் சொல்லுங்கள்.

இது பெரியவர்களின் விவகாரம் என்று ஒதுங்கிவிட வேண்டாம். நீங்கள் குடிமக்களாகவோ நிரந்தரவாசிகளாகவோ இருந்தால் உங்களுக்கும் இந்தக் காப்புறுதி இருக்கிறது. சந்தா உங்கள் மெடிசேவிலிருந்தோ பெற்றோரின் மெடிசேவிலிருந்தோ ஆண்டுதோறும் போய்க்கொண்டிருக்கலாம். 15 வயதானவர்கள் சிங்பாஸ் வழியாக மத்திய சேம நிதி இணையத்தளத்தில் நுழைந்து தங்கள் விவரத்தைப் பார்க்கலாம். பத்து நிமிடம்கூட ஆகாது.

இதுவரை மருத்துவமனைப் பக்கமே போகாத உங்கள் பெயரிலும் ஒரு சந்தா போகிறது. முன்பின் அறியாத ஒரு குழந்தையின் இதயச் சிகிச்சைக்கு அது உதவிக்கொண்டிருக்கக் கூடும். உங்களுக்குத் தேவை வரும்போது மற்றவர்களின் சந்தா உங்களுக்கு உதவும்.