நெடுவழி நடப்போரும் எலியாவின் பயணமும்

பழவேற்காட்டு ஏரியோரத்து மீனவச் சிற்றூர்களில் உடல் வருத்தம் தேடிச் சென்று பெறவேண்டிய ஒன்றன்று. இருளர் பெண்கள் பனையோலைப் பறியைப் பல்லில் கவ்வியவண்ணம், ஆழங்குறைந்த நீரில் மணிக்கணக்காக நகர்ந்து, வெறுங்கையால் இறால் தடவிப் பிடிக்கின்றனர். இவ்வாறு உழைத்துக் களைக்கும் மக்களும் நெடுந்தொலைவு நடந்துசெல்ல விரும்புவது ஏன்? ஆகஸ்டு இறுதியில் சென்னையிலிருந்து காவியுடை அணிந்து, 300 கி.மீ.க்கு மேற்பட்ட வழியை நடந்தே கடந்து வேளாங்கண்ணிக்குச் செல்வோருள் நாட்கூலிக்கு உழைப்போரும் உளர்.

இவர்களுள் பலரை நடத்துவது நேர்த்திக்கடன். பிள்ளை பிழைத்ததற்கான நன்றியையோ, ஆறாத துயரையோ சொல்லால் தீர்க்க இயலாதபோது, மனிதர் அதனைக் கால்களிடம் ஒப்படைக்கின்றனர். சமய நோக்கமற்ற நடையிலும் இதனைக் காணலாம். அமெரிக்காவின் ஏர்ல் ஷாஃபர் 1948-இல் அப்பலாச்சிய மலைக்காட்டு வழியில் 3,000 கி.மீ.க்கு மேல் தனியே நடந்தார். உலகப்போரில் உயிர்நண்பனை இழந்து திரும்பிய அவர், போரின் சுமையை நடந்து தீர்க்கவே புறப்பட்டார். அன்றாட உழைப்பைப் பசி கட்டளையிடுகிறது; இந்நடையையோ மனிதன் தானே தெரிந்துகொள்கிறான். வருத்தம் ஒன்றே ஆயினும் உரிமை வேறு.

சீர்திருத்த மரபினராகிய நாம் இதனை ஐயத்தோடு நோக்குவதற்குக் காரணம் உண்டு. மனைவி மக்களை வறுமையில் விட்டு உரோமைக்கு யாத்திரை செல்வதை லூத்தர் 1520-இல் கண்டித்தார். நடையால் புண்ணியம் ஈட்ட இயலாது என்பது நமது உறுதியான போதனை. எனினும், அதைக் கூறிவிட்ட அளவில் நமது கடமை முடிந்ததாகாது.

எலியா ஓரேபுக்கு நாற்பது நாள் நடந்ததை 1 இராஜாக்கள் 19 கூறுகிறது. சாவை வேண்டிச் சோர்ந்துகிடந்தவனைக் கடவுள் கடிந்துகொள்ளவில்லை. வழிக்கு அப்பமும் தண்ணீரும் அளித்தார். பயண முடிவில், அவன் அங்கு வந்த காரணத்தை இருமுறை வினவினார். பின்பு வனாந்தர வழியாகவே அவனைப் பணிக்குத் திருப்பியனுப்பினார். நடைக்கு அவர் தடைவிதிக்கவில்லை. ஆனால், அதனையே முடிவாக விடவுமில்லை.

ஆகவே, நெடுவழி நடந்து திரும்பும் விசுவாசியை நோக்கி, “ஏன் போனாய்?” என்று கடிந்துகொள்வதற்குமுன், “எந்தச் சுமையோடு போனாய்?” என்று கேட்போமாக. அச்சுமையை இறக்கிவைக்க நமது சபையில் இடமிருந்ததா என்பதையும் நாம் ஆராய்ந்தறிய வேண்டும். தெரிந்துகொள்ள உரிமையின்றி நாள்தோறும் சேற்றில் நகர்வோரின் சுமையில் பங்குகொள்வதும் நமது திருப்பணியே.