காண்ட்ரா 128 கேபிதான்

போன கோடை விடுமுறையில் அக்கா மகனுக்கு என் லேப்டாப்பில் காண்ட்ரா ஆட ஆசை வந்துவிட்டது. கேசட்டை ஊதி ஊதிப் போட்ட கதையெல்லாம் சொல்லி நான்தான் கிளப்பிவிட்டேன். பத்தே நிமிடத்தில் “கிடைச்சிடுச்சு மாமா” என்று வந்து நின்றான். ‘காண்ட்ரா ஃபுல் கேம் செட்டப்’ என்று ஒரு ஃபைல், 38 எம்பி. நான் எட்டிப் பார்ப்பதற்குள் திறந்தும் விட்டான். கேம் வரவில்லை. பிரவுசரின் முகப்பு மாறிப்போனது. திரையின் மூலையில் சூதாட்ட விளம்பரம் வருவதும் போவதுமாக இருந்தது. அன்றைக்கு ராத்திரி விண்டோஸை அழித்துப் புதிதாகப் போட்டு முடிக்க இரண்டு மணி ஆனது.

பையன் மேல் தப்பில்லை. கொனாமி நிறுவனம் 1988-ல் நிண்டெண்டோவின் என்.இ.எஸ். கருவிக்கு வெளியிட்ட காண்ட்ராவின் மொத்த அளவே 128 கேபி. சூப்பர் மாரியோ இன்னும் பொடிசு, 40 கேபி. வாட்ஸ்அப்பில் காலையில் வந்து விழும் ‘குட் மார்னிங்’ படங்கள் பல இதைவிடப் பெரியவை. 128 கேபி சரக்கை 38 எம்பி மூட்டையில் கட்டிக் கொடுத்தால் மிச்சம் என்ன என்று கேட்கத் தோன்ற வேண்டும். அவனுக்கு அந்தக் கணக்கு தெரியாது. தெரிந்த நான் சொல்லவில்லை. அதற்குப் பரிகாரம்தான் இந்தக் கட்டுரை.

பழைய வீடியோ கேமைக் கணினியிலோ போனிலோ ஆட மூன்று பொருள் வேண்டும். ஒன்று எமுலேட்டர்: பழைய கருவியைப் போல வேஷம் கட்டி ஆடும் மென்பொருள். இரண்டாவது ரோம் ஃபைல்: கேசட்டுக்குள் இருந்த சிப்பின் அப்பட்டமான நகல். மூன்றாவது பயாஸ்: கருவி உயிர் பெறும்போது முதலில் ஓடும், நிறுவனத்தின் சொந்த நிரல். என்.இ.எஸ். கேம்களுக்குப் பயாஸ் தேவையில்லை; பிளேஸ்டேஷன் 2-க்குத் தேவை. மூன்றையும் ஒரே சாக்கில் போட்டு ‘எல்லாம் திருட்டு’ என்பவர்களும் உண்டு, ‘எல்லாம் ஓகே’ என்பவர்களும் உண்டு. இரண்டுமே தவறு.

எமுலேட்டர் எழுதுவது குற்றமில்லை. கனெக்டிக்ஸ் என்ற நிறுவனம் பிளேஸ்டேஷன் கேம்களை மேக் கணினியில் ஓட்டும் மென்பொருளை 1999-ல் விற்றது. சோனி வழக்குப் போட்டது. பயாஸை ஆய்வுக்காக நகலெடுத்துப் பிரித்துப் படித்து, தன் சொந்த நிரலை எழுதியது நியாயமான பயன்பாடுதான் என்று அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் 2000-ல் தீர்ப்பளித்தது. இதில் ஒரு வேடிக்கை. அதே சோனி 2018-ல் பிளேஸ்டேஷன் கிளாசிக் என்ற குட்டிக் கருவியை வெளியிட்டபோது அதற்குள் இருந்தது, ஆர்வலர்கள் எழுதி இலவசமாகப் பகிர்ந்த ‘பிசிஎஸ்எக்ஸ் ரீஆர்ம்ட்’ எமுலேட்டர்.

‘அப்படியானால் 2024-ல் யூஸு எமுலேட்டரை ஏன் மூடினார்கள்?’ என்று விஷயம் தெரிந்தவர்கள் கேட்பார்கள். யூஸு பழைய கருவிக்கானது அல்ல. அப்போது கடையில் விற்றுக்கொண்டிருந்த நிண்டெண்டோவின் ஸ்விட்ச் கருவிக்கானது. கேம்களின் டிஜிட்டல் பூட்டைத் திறக்க வழி செய்கிறது என்பதுதான் நிண்டெண்டோவின் புகார். தீர்ப்பு வரை போகாமல் 24 லட்சம் டாலருக்குச் சமரசம் செய்துகொண்டு யூஸு கடையைக் கட்டியது.

நம் சட்டம் என்ன சொல்கிறது? 1957-ம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தின் 52-வது பிரிவு, எவை மீறல் ஆகாது என்று ஒரு பட்டியல் தருகிறது. சட்டப்படி நீங்கள் பெற்ற பிரதியிலிருந்து, வணிக நோக்கமில்லாமல், சொந்த உபயோகத்துக்குக் கணினி நிரலை நகலெடுக்கலாம் என்று அதில் இருக்கிறது. காசு கொடுத்து வாங்கிய ஒரிஜினல் பிளேஸ்டேஷன் சிடி பரணில் கிடந்தால், கம்ப்யூட்டர் டிரைவில் போட்டு நகலெடுத்து எமுலேட்டரில் ஆட இந்த வாசகம் துணை நிற்கும். சிடி கீறல் விழும், பூசணம் பிடிக்கும். காலம் கடத்தாமல் எடுத்து வைப்பது நல்லது. ஆனால் வாசகத்தை இன்னொரு முறை படியுங்கள். ‘சட்டப்படி நீங்கள் பெற்ற பிரதியிலிருந்து’. எவரோ எடுத்து இணையத்தில் ஏற்றிய நகலை இறக்கிக்கொள்ள இது இடம் தரவில்லை.

இங்கேதான் என் தலைமுறைக்கு ஒரு சங்கடம். 90-களில் நம் வீடுகளுக்கு வந்த வீடியோ கேம் பெட்டிகளில் பெரும்பாலானவை நிண்டெண்டோ செய்தவை அல்ல. அதன் ஃபேமிகாம் கருவியைப் பார்த்துச் செய்த நகல்கள். ‘9999 இன் 1’ என்று எழுதியிருந்த மஞ்சள் கேசட்டில் உண்மையில் இருபது, முப்பது கேம்தான் இருக்கும். மற்றதெல்லாம் அவற்றையே பெயர் மாற்றி அடுக்கியது. கொனாமிக்கோ நிண்டெண்டோவுக்கோ அதில் ஒரு பைசா போயிருக்காது. ‘என்கிட்ட கேசட் இருக்கு, அதனால ரோம் எடுக்கலாம்’ என்று அந்தக் கேசட்டைக் காட்டி வாதாட முடியாது. நகல் டிவிடி ஓடச் சிப் போட்ட பிளேஸ்டேஷன் 2-வுக்கு ஐம்பது ரூபாய்க்கு வாங்கிய டிவிடிகளுக்கும் இதே கதிதான். நம் ஏக்கமே திருட்டுப் பிரதியின் மேல்தான். ஒப்புக்கொள்ளக் கஷ்டமாக இருந்தாலும் உண்மை அதுதான்.

இன்னும் இரண்டு கட்டுக்கதைகள் சுற்றுகின்றன. ‘24 மணி நேரத்தில் அழித்துவிட்டால் தப்பில்லை’: அப்படி ஒரு விதி சட்டத்தில் எங்கும் இல்லை. ‘நிறுவனமே விற்பதை நிறுத்திவிட்டது, இனி அது பொதுச்சொத்து’: அதுவும் இல்லை. நம் நாட்டில் பதிப்புரிமை குறைந்தது 60 ஆண்டு. 1985-ல் வந்த சூப்பர் மாரியோவுக்கு 2045 வரையாவது உரிமையாளர் உண்டு. திருட்டு நகல் என்று தெரிந்தே ஒரு நிரலைக் கணினியில் பயன்படுத்தினால் 63பி பிரிவின்படி 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறை, 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம். வியாபார ஆதாயம் இல்லாவிட்டால் சிறையைத் தவிர்த்து 50,000 ரூபாய் வரை அபராதத்தோடு நீதிமன்றம் நிறுத்திக்கொள்ளலாம்.

இதைச் சொன்னதும் நிண்டெண்டோ வக்கீல் வந்து கதவைத் தட்டுவார் என்று பயமுறுத்த மாட்டேன். ரோம் விஷயத்தில் அந்த நிறுவனம் அமெரிக்காவில் பெரிய வழக்குகள் போட்டது ரோம்களை மொத்தமாகப் பரப்பிய தளங்கள் மேல். நம் வீட்டுக்குள் வருகிற ஆபத்து வேறு: அந்த 38 எம்பி.

எனவே அளவு பாருங்கள். என்.இ.எஸ். கேம் என்றால் கேபி கணக்கு, பெரியதே ஒரு எம்பியைச் சுற்றித்தான். சூப்பர் என்.இ.எஸ். 6 எம்பிக்குள். நிண்டெண்டோ 64 அதிகபட்சம் 64 எம்பி. பிளேஸ்டேஷன் ஒரு சிடிக்கு 700 எம்பி வரை. அடுத்து, ஃபைல் பெயரின் வாலைப் பாருங்கள். ரோம் என்பது எமுலேட்டர் திறந்து படிக்கும் தரவு. அது தானாக ஓடாது. பெயர் இ.எக்ஸ்.இ. என்றோ ஏ.பி.கே. என்றோ முடிந்தால் அது ரோம் இல்லை. விண்டோஸ் இந்த வாலை மறைத்துத்தான் காட்டும். ஃபோல்டரின் ‘வியூ’ மெனுவில் போய்த் தெரியவைத்துக்கொள்ளுங்கள்.

போனில் இன்னும் கவனம் வேண்டும். எமுலேட்டருக்குக் கேம் இருக்கும் ஃபோல்டரைப் படிக்க அனுமதி போதும். எஸ்.எம்.எஸ்., கான்டாக்ட்ஸ், அக்சஸிபிலிட்டி கேட்டால் அதன் கண் உங்கள் ஓ.டி.பி. மேல் இருக்கிறது. ‘ஆண்ட்ராய்டில் பிளேஸ்டேஷன் 5 எமுலேட்டர்’ என்று வரும் வீடியோக்கள் அத்தனையும் பொய். போனில் பிளேஸ்டேஷன் 5 கேம்களை ஓட்டும் எமுலேட்டரே கிடையாது. ‘மனிதர்தான் என்று உறுதிசெய்ய இரண்டு ஆப் இறக்குங்கள்’ என்பார்களே, அவர்களுக்கு வரும்படி அங்கேதான்.

எமுலேட்டரை அதை எழுதியவர்களின் தளத்திலோ, ஸ்டீம் என்ற இணைய கேம் கடையிலோ, பிளே ஸ்டோரிலோ மட்டும் எடுங்கள். ரெட்ரோஆர்ச், டால்ஃபின், பிபிஎஸ்எஸ்பிபி, பிசிஎஸ்எக்ஸ்2 எல்லாமே இலவசம். ‘எல்லா கேமும் பயாஸும் சேர்த்து ஒரே பேக்’ என்று வருவதை ஒதுக்குங்கள். பெயருள்ள எமுலேட்டர்க்காரர்கள் அப்படித் தருவதில்லை. பிசிஎஸ்எக்ஸ்2-ஐ எழுதியவர்களே, பயாஸை உங்கள் சொந்தக் கருவியிலிருந்து எடுத்துக்கொள்ளுங்கள் என்றுதான் சொல்கிறார்கள்.

டி.வி.யில் சொருகும் ‘கேம் ஸ்டிக்’ பற்றியும் ஒரு வார்த்தை. ‘20,000 கேம்’ என்று விற்கும் அந்தக் குச்சிக்குள் இருப்பதும் எமுலேட்டரும் உரிமம் பெறாத ரோம்களும்தான். அந்த 9999 கேசட் மறுபிறவி எடுத்து வந்திருக்கிறது. கூட வரும் சார்ஜரில் பி.ஐ.எஸ். பதிவு எண் இருக்கிறதா என்று பாருங்கள், இல்லையென்றால் சொருகாதீர்கள். இணையத்தில் வாங்கியது இரண்டே நாளில் செத்துப்போனால் விற்றவரின் குறைதீர் அதிகாரிக்குப் புகார் எழுதுங்கள். 2020 மின்வணிக விதிகளின்படி 48 மணி நேரத்தில் ஒப்புகையும் ஒரு மாதத்தில் தீர்வும் தர வேண்டும். தராவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-ஐ அழையுங்கள். அடுத்த படி மாவட்ட நுகர்வோர் ஆணையம்; 5 லட்சம் ரூபாய் வரையிலான பொருளுக்குக் கட்டணமில்லை, இரண்டு ஆண்டுக்குள் போக வேண்டும்.

போனில் கைவைத்துப் பணத்தை எடுத்துவிட்டார்கள் என்றால் முதலில் நெட்டை அணையுங்கள். வேறு போனிலிருந்து சைபர் மோசடி உதவி எண் 1930-ஐ அழையுங்கள், கையோடு வங்கிக்கும் சொல்லுங்கள். நேரம் ஆக ஆகப் பணம் கைமாறிக்கொண்டே போகும். மத்திய அரசின் சைபர் குற்றப் புகார்த் தளத்திலும் பதிவு செய்யலாம். ‘திருட்டு கேம் இறக்கினதைச் சொன்னா நம்மையே பிடிப்பாங்களோ’ என்று வாய் மூடி இருந்து, மொத்தத்தையும் இழக்காதீர்கள்.

நேர்வழியும் இல்லாமல் இல்லை. கொனாமி 2019-ல் காண்ட்ரா தொகுப்பை ஸ்டீமில் வெளியிட்டது. ‘டோபு டோபு கேர்ள்’ போல, பழைய கருவிகளுக்காக இன்றைக்கும் புதிதாக எழுதி ஆசிரியர்களே இலவசமாகத் தரும் கேம்களும் இருக்கின்றன. எமுலேட்டர் பழக அவை போதும். நிறுவனங்கள் மேலும் எனக்குக் கோபம் உண்டு. அமெரிக்காவில் 2010-க்கு முன் வெளியான கேம்களில் 87 சதவீதம் இன்று கடையில் கிடைப்பதில்லை என்று வீடியோ கேம் வரலாற்று அறக்கட்டளை 2023-ல் கணக்கெடுத்தது. ஸ்டீமில் இருந்த பழைய கேம்கள் பலவற்றை சேகா 2024 டிசம்பரில் விற்பனையிலிருந்தே எடுத்துவிட்டது. விற்கவும் மாட்டோம், வைத்திருக்கவும் விடமாட்டோம் என்றால் எப்படி?

இந்த விடுமுறையில் பிள்ளை “ஒரு கேம் இறக்கட்டுமா?” என்று கேட்டால் சட்டென்று வேண்டாம் என்று சொல்லிவிடாதீர்கள். பக்கத்தில் உட்கார்ந்து, அது எத்தனை கேபி என்று கேளுங்கள்.